மூடியில் வெட்டிய பெயர்

எங்கள் வீட்டுப் பாத்திரங்கள் எல்லாவற்றிலும் அம்புஜம் என்று பெயர் வெட்டியிருக்கும். அண்டா, சொம்பு, தம்ளர், எண்ணெய்க் கரண்டி எதுவும் தப்பவில்லை. நான் தினமும் தொழிற்சாலைக்குக் கொண்டுபோகிற டிபன் டப்பாவின் மூடியிலும் அதே பெயர்தான். சிக்பேட்டையில் எவர்சில்வர் எது வாங்கினாலும் கடைக்காரர் பெயர் வெட்டும் மெஷினைக் கையில் எடுத்துக்கொண்டு, "பேர் என்னம்மா?" என்று கேட்பார். பக்கத்தில் பர்ஸோடு நிற்கிற ஆளுக்கும் ஒரு பேர் இருக்கும் என்று அவருக்குத் தோன்றியதே இல்லை. கல்யாணமாகி இருபத்திரண்டு வருஷம் ஆகிறது. பெருமாள்சாமி என்கிற என் பெயர் ஒரு ஸ்பூனில்கூட ஏறவில்லை.

இதையெல்லாம் நான் பொறுத்துக்கொண்டுதான் இருந்தேன். பால்ராஜ் வந்த பிறகுதான் பொறுமை போயிற்று.

பால்ராஜ் ஒரு டூரிஸ்ட் கைடு. சொந்தமாக மாருதி வேன் வைத்திருக்கிறான். கோலார் தங்கவயல்காரன். சுரங்கத்தை இன்றைக்கு மூடுவார்கள், நாளைக்கு மூடுவார்கள் என்று பேச்சு வந்ததும் பெங்களூருக்கு வந்து விவேக் நகரில் குடியேறியவன். கோயில், சர்ச், தர்கா, மார்க்கெட் என்று ஒரே நாளில் சுற்றிக் காட்டுவது அவன் தொழில். ஒரு வண்டிக்கு ஒரே பார்ட்டிதான்.

தொண்ணூற்றொன்பது ஜூனில் அம்புஜத்தின் அண்ணி சுப்புலக்ஷ்மி சேலத்திலிருந்து வந்திருந்தார். ஊரைச் சுற்றிக் காட்டச் சொல்லி அம்புஜம் என்னைத்தான் முதலில் கேட்டாள். அன்றைக்கு ஞாயிற்றுக்கிழமை. ஞாயிற்றுக்கிழமை காலை இட்லிக்குப் பிறகு படுத்தால் நான் சாயங்காலக் காப்பிக்குத்தான் எழுந்திருப்பேன். இது மல்லேஸ்வரம் முழுக்கத் தெரிந்த விஷயம். யாரையாவது ஏற்பாடு பண்ணிக்கொள் என்று சொல்லிவிட்டுப் போர்வையை இழுத்துக்கொண்டேன். அந்த யாரையாவதுதான் பால்ராஜ்.

அன்றிலிருந்து வீட்டில் 'பால்ராஜ் சொன்னாரு' ஆரம்பித்தது. ரசத்துக்கு உப்பு போதவில்லை என்றால்கூட அதில் பால்ராஜ் வந்துவிடுவான்.

"பூவை ஈரத்துணியில சுத்தி வச்சா ரெண்டு நாள் வாடாதாம். பால்ராஜ் சொன்னாரு."

"அதை நீயே இருபது வருஷமா பண்றியே."

"அப்படியா? நீங்க கவனிச்சதே இல்லைன்னு நினைச்சேன்."

நான் அவன் என்பேன். அவள் அவரு என்பாள். அவனிடமிருந்து போன் வந்தால் அம்புஜத்தின் குரலில் தனியாக ஒரு சுறுசுறுப்பு வந்துவிடும். எனக்கு வருகிற போனை எடுத்தால் "தூங்கறாரு" என்று ஒரே வார்த்தைதான். பால்ராஜுக்கு மீசை எப்படி இருக்கும், ஐந்து பாஷையில் எப்படிப் பேசுவான், கூலிங் கிளாஸை எப்படி நெற்றிமேல் ஏற்றிக்கொள்வான் என்பதெல்லாம் பார்க்காமலேயே எனக்கு மனப்பாடமாகிவிட்டது. எனக்கு இருப்பது பொறாமை இல்லை, அசிடிட்டி என்று ஒரு மாதம் நம்பிக்கொண்டிருந்தேன். மாத்திரைக்கு அடங்கவில்லை. பொறாமைதான்.

எனக்கு வேண்டியதெல்லாம் ஒன்றே ஒன்று. பால்ராஜ் சொன்னாரு என்று சொல்லும்போது அம்புஜத்தின் கண் விரிகிறதே, அப்படி ஒரே ஒரு தடவை நான் சொல்வதைக் கேட்டு விரிய வேண்டும்.

நவம்பர் மாதம் ஒரு தீர்மானத்துக்கு வந்தேன். நானே அம்புஜத்தை ஊர் முழுக்கச் சுற்றிக் காட்டுவேன். அதைப் பார்த்தபின் பால்ராஜ் அவள் கண்ணுக்கு வெறும் வேன் டிரைவராகத் தெரிய வேண்டும்.

ஒரே ஒரு சிக்கல். எனக்கு இந்த ஊரில் ஒன்றும் தெரியாது. அம்புஜம் மல்லேஸ்வரத்திலேயே பிறந்து வளர்ந்தவள். நான் சாத்தூரிலிருந்து வந்தவன். யஷ்வந்த்பூரில் ஒரு பம்புசெட் தொழிற்சாலையில் ஸ்டோர்ஸ் சூப்பர்வைசர். வீட்டிலிருந்து தொழிற்சாலைக்குப் போகும் ரோடு தெரியும். தொழிற்சாலையிலிருந்து வீட்டுக்கு வரும் ரோடும் தெரியும். அது ஒரே ரோடுதான்.

பாடம் படித்தாக வேண்டும். யாரிடம்? யோசித்தேன். பால்ராஜைவிட நன்றாகச் சொல்ல பால்ராஜிடமே கற்றுக்கொள்வதுதான் சரி என்று முடிவு செய்தேன். என் மூளையை நானே மெச்சிக்கொண்ட நாள் அது. சமையலறைக் காலண்டரில் செருகியிருந்த அவன் கார்டைப் பார்த்து நம்பரை எழுதிக்கொண்டு, தொழிற்சாலையிலிருந்து போன் பண்ணினேன். பெயர் அப்பாதுரை என்றேன். சொந்த ஊர் தூத்துக்குடி, உப்பு வியாபாரம் என்றேன். கேட்காததையெல்லாம் சொன்னேன்.

என்றைக்கு வேண்டுமானாலும் வரலாம், வியாழக்கிழமை மட்டும் முடியாது என்றான் பால்ராஜ். "அது மேடம் வர்ற நாள் சார்."

எனக்கு அப்போதே மூக்கு வியர்த்தது. ஆனாலும் புதன்கிழமைக்கே ஒப்புக்கொண்டேன்.

புதன்கிழமை லீவு போட்டுவிட்டு, வழக்கம்போல் டிபன் டப்பாவோடு வேலைக்குக் கிளம்புவதுபோல் கிளம்பினேன். தெருமுனை திரும்பியதும் புதிதாக வாங்கிய கூலிங் கிளாஸை மாட்டிக்கொண்டேன். ரயில்வே ஸ்டேஷன் வாசலில் பால்ராஜ் வேனோடு நின்றிருந்தான். மீசை அம்புஜம் சொன்னதைவிடப் பெரியதாக இருந்தது. எனக்கு வயிறு எரிந்தது.

முதலில் கவிபுரம் குகைக் கோயில். உள்ளே குனிந்துதான் போக வேண்டும். சங்கராந்தியன்று சூரிய வெளிச்சம் வெளியே இருக்கும் நந்தியின் இரண்டு கொம்புக்கு நடுவே புகுந்து உள்ளே சிவன்மேல் விழும் என்றான். அங்கே அக்னி பகவானுக்கு இரண்டு தலை, மூன்று கால். கும்பிட்டால் கண் நோய் போகும். எல்லாவற்றையும் ஸ்டோர்ஸில் சாமான் கேட்டு எழுதுகிற இன்டென்ட் புத்தகத்தின் பின்பக்கத்தில் எழுதினேன். கூலிங் கிளாஸைக் கழற்ற மனம் வரவில்லை. அதனால் குகை இருட்டில் எழுதியது எதன்மேல் எது விழுந்தது என்று பிறகு படிக்க முடியவில்லை.

வெளியே வந்ததும் பால்ராஜ் முதலில் என் செருப்பைத் தேடினான். "இந்தத் தொழில்ல பெரிய தலைவலி இன்னா தெரியுமா சார்? செருப்புதான். கோயில்ல கழட்டணும், தர்காவுல கழட்டணும். போன மாசம் ஜெர்மன்காரம்மா ஒருத்தங்க ஷூவை எவனோ அட்சிக்கினு போய்ட்டான். மேடம் தன் செருப்பைக் கழட்டி அவங்களுக்குக் குடுத்துட்டு வெறுங்கால்ல வீட்டுக்குப் போனாங்க."

அம்புஜம்கூடப் போன மாதம் ஒருநாள் வெறுங்காலோடுதான் வீட்டுக்கு வந்தாள். வார் அறுந்துவிட்டதாம். இந்த ஊரில் செருப்பே சரியில்லை.

அந்த மேடம் யார் என்று மெதுவாக விசாரித்தேன். அவ்வளவுதான், பால்ராஜ் தர்கா போய்ச் சேரும்வரை மேடம் புராணம்தான் பாடினான். இந்தக் கதையெல்லாம் மேடம் சொல்லிக் கொடுத்தவை. எந்தக் கடையில் எது தரமாக இருக்கும் என்பது மேடத்துக்குத்தான் தெரியும். கம்பெனிகளில் வேலை பார்க்க வந்த வெளிநாட்டுக்காரர்களின் மனைவிமார் மேடம் இல்லாமல் வண்டியிலேயே ஏறுவதில்லை. மேடம் மல்லேஸ்வரத்தில் இருக்கிறார்கள். ஐந்து மாதமாக வாராவாரம் வியாழக்கிழமை இவனோடு வருகிறார்கள்.

"வீட்டுல ஒண்ணும் சொல்ல மாட்டாங்களா?" என்று கேட்டேன்.

"வீட்டுக்காரர் ஒரு மண்ணாந்தை சார். வேலைக்குப் போவாரு, வருவாரு, தூங்குவாரு. மேடம் எல்லாத்தையும் அவர்கிட்ட சொல்லித்தான் ஆரம்பிச்சாங்க. அவரு பேப்பர் படிச்சிக்கினே சரி சரின்னாராம். இன்னும் அவருக்கு விஷயமே தெரியாது."

நான் விழுந்து விழுந்து சிரித்தேன். இப்படியும் ஒரு மனிதன் இருப்பானா? சிரித்து முடித்தபின் அந்த ஆள்மேல் கொஞ்சம் பரிதாபம்கூட வந்தது. அதைவிட அதிகமாகச் சந்தோஷம் வந்தது. பால்ராஜின் குடுமி இப்போது என் கையில். வாராவாரம் எவளோ ஒருத்தியோடு ஊர் சுற்றுகிறான். இதை அம்புஜத்திடம் சொன்னால் போதும், அவரு அன்றைக்கே அவன் ஆகிவிடுவான்.

காட்டன்பேட்டை தர்காவைப் பார்த்துவிட்டு சிட்டி மார்க்கெட்டுக்குப் போனோம். பூக்கடையில் உட்கார்ந்திருந்த பெண் பால்ராஜைப் பார்த்ததும், "அக்கா பர்லில்வா?" என்றாள். வரவில்லை, நாளைக்குத்தான் வருவார் என்றான் அவன். இன்டென்ட் புத்தகத்தில் 'சாட்சி ஒன்று, பூக்காரி' என்று எழுதிக்கொண்டேன்.

மத்தியானம் வேனிலேயே சாப்பாடு. நான் டிபன் டப்பாவைத் திறந்தேன். புளியோதரை. தங்கவயல்காரனுக்கும் கொஞ்சம் கொடுப்போம் என்று மூடியில் வைத்து நீட்டினேன். ஒரு வாய் போட்டதும் மெல்லுவதை நிறுத்தினான். இன்னொரு வாய் சாப்பிட்டான். பிறகு மூடியைக் காலி செய்து, நன்றாகத் துடைத்து, வெளிச்சத்தில் பிடித்து ரொம்ப நேரம் பார்த்தான்.

அதன்பின் அவன் நடத்தையே மாறிவிட்டது. வேன் கதவை எனக்குத் திறந்துவிட்டான். மேடத்தைப் பற்றி எத்தனை கேட்டும் வாயைத் திறக்கவில்லை. விவேக் நகர் குழந்தை இயேசு சர்ச்சில் ஒன்பது வியாழக்கிழமை தொடர்ந்து வந்து வேண்டிக்கொள்ளும் வழக்கத்தைச் சொல்லும்போதுகூட என் முகத்தைப் பார்க்காமல்தான் சொன்னான். அம்புஜத்தின் புளியோதரை அப்படி. சாப்பிட்டவனுக்குத் தாழ்வு மனப்பான்மை வந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை வந்தது. இட்லி சாப்பிட்டுவிட்டுப் படுக்கவில்லை. அம்புஜத்தைப் புதுப் புடவை கட்டச் சொன்னேன். எங்கே என்று கேட்டாள். இந்த ஊரை உனக்குச் சுற்றிக் காட்டப் போகிறேன் என்றேன். அவள் என் நெற்றியைத் தொட்டுப் பார்த்துவிட்டுத்தான் புடவை மாற்றப் போனாள்.

ஆட்டோவில் கவிபுரம் போனோம். வாசலில் செருப்பைக் கழற்றியதும் எனக்கு ஜெர்மன்காரம்மாவின் ஷூ ஞாபகம் வந்தது. அம்புஜத்தின் செருப்பு புதுசு. இருபத்திரண்டு வருஷம் ஸ்டோர்ஸில் இருந்தவன் ஒரு பொருளை ரசீது இல்லாமல் வாசலில் விட்டுவிட்டுப் போக முடியுமா? நீ முதலில் போய்விட்டு வா, நான் பார்த்துக்கொண்டு நிற்கிறேன் என்று அவளை அனுப்பினேன்.

நான் செருப்பு பக்கத்தில் நிற்பதைப் பார்த்துவிட்டு ஒரு குடும்பம் தங்கள் செருப்புகளையும் என் முன்னால் கழற்றிப்போட்டுவிட்டுப் போயிற்று. பின்னால் இன்னொரு குடும்பம். இப்படிக் கண்டபடி கிடந்தால் எனக்குப் பொறுக்காது. சைஸ் வாரியாக அடுக்கினேன். பையில் எப்போதும் சாக்பீஸ் இருக்கும். அடியில் நம்பர் போட்டேன். அதே நம்பரை இன்டென்ட் புத்தகத்தில் எழுதி, தாளைக் கிழித்து வருகிறவர்களிடம் கொடுத்தேன். அம்புஜம் வெளியே வந்தபோது பதினொரு ஜோடி ஒழுங்காக நின்றன. ஒருவர் என் கையில் சில்லறை வைத்துவிட்டுப் போனார். அவள் ஓரமாக நின்று எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

உள்ளே போகாமலே விளக்கம் சொன்னேன். தீபாவளியன்று நந்தியின் மூன்று கொம்புக்கு நடுவே வெளிச்சம் வரும் என்றேன். அக்னிக்கு எத்தனை தலை என்று கேட்டாள். காலைவிட ஒன்று கூட என்றேன். அவள் மறுத்துப் பேசவில்லை. "ஓகோ" என்றாள். கண் கொஞ்சம் விரிந்ததுபோல் இருந்தது. எனக்குப் புல்லரித்தது.

தர்காவிலும் நான் வெளியில்தான். அங்கே ஒன்பது ஜோடி. மார்க்கெட்டில் அதே பூக்காரி அம்புஜத்தைப் பார்த்ததும், "ஏனக்கா, பானுவாரவே பந்துபிட்ரி?" என்று ஞாயிற்றுக்கிழமையே வந்துவிட்டதற்கு ஆச்சரியப்பட்டு, இரண்டு முழம் மல்லிகையைக் கையில் திணித்தாள். பூக்காரிகளுக்கு எல்லாரும் அக்காதான் என்று நான் அம்புஜத்துக்கு விளக்கினேன்.

பிறகு காப்பி சாப்பிட உட்கார்ந்தபோது அணுகுண்டைப் போட்டேன்.

"அம்புஜம், உன் பால்ராஜ் யோக்கியன் இல்லை."

"ஏங்க, அவரு என்ன பண்ணாரு?"

"வாராவாரம் ஒரு பொம்பளையோட சுத்தறான். வியாழக்கிழமை தோறும். மல்லேஸ்வரத்துல எவளோ ஒருத்தி."

அவள் காப்பியை ஆற்றிக்கொண்டே, "பார்க்க எப்படி இருப்பாளாம்?" என்று கேட்டாள்.

"அதைச் சொல்லலை. ரொம்பப் புத்திசாலின்னான். அவ புருஷன்தான் மண்ணாந்தையாம். பொண்டாட்டி நேர்ல சொல்லியும் பேப்பர் படிச்சுக்கிட்டே சரி சரின்னானாம்." சொல்லும்போதே மறுபடி சிரிப்பு வந்துவிட்டது.

அம்புஜம் சிரிக்கவில்லை. காப்பியை ஒரு வாய் குடித்துவிட்டு தம்ளரைக் கீழே வைத்தாள்.

"ஜூன் மாசம் சொன்னேன். செவ்வாய்க்கிழமை காலைல. நீங்க விளையாட்டுப் பக்கம் படிச்சுக்கிட்டிருந்தீங்க."

என் சிரிப்பு பாதியில் நின்றது. ஜூன் மாதம் என்ன படித்தேன் என்று யோசித்தேன். உலகக் கோப்பை. எங்கேயோ தூரத்தில் அம்புஜத்தின் குரலும் கேட்டிருக்கிறது. சரி சரி என்று என் குரலும்.

அவள் நிதானமாகத்தான் சொன்னாள். அண்ணியோடு போன அன்று பால்ராஜ் சொன்ன கதையில் பாதி தப்பு என்று இவள் நாள் முழுக்கத் திருத்திக்கொண்டே வந்தாளாம். சாயங்காலம் அவன், வாரம் ஒருநாள் நீங்களே வாங்க மேடம் என்று கேட்டிருக்கிறான். வீட்டில் நான் எது சொன்னாலும் உங்கள் காதில் ஏறுவதில்லை, அதையே பால்ராஜ் சொன்னாரு என்றால் நிமிர்ந்து உட்கார்ந்து கேட்கிறீர்கள், அதனால் அப்படியே பழகிவிட்டது என்றாள். புதன்கிழமை மத்தியானமே அவளுக்குப் போன் வந்துவிட்டது. தூத்துக்குடி உப்பு வியாபாரி அப்பாதுரை, அம்புஜம் என்று பெயர் வெட்டிய டப்பாவில் புளியோதரை சாப்பிடுகிறார் என்று.

எனக்குக் காது இரண்டும் சுட்டன. கூலிங் கிளாஸை எடுத்து மாட்டிக்கொண்டேன். அழுதாலும் தெரியாது.

"அப்ப இன்னைக்கு நான் சொன்னதெல்லாம்?"

"எல்லாம் தப்பு. ஆனா செருப்பு வேலை பிரமாதம்," என்றாள். அவள் கண் நிஜமாகவே விரிந்திருந்தது. ஐந்து மாதமாக நான் ஏங்கிய அதே விரிவு. "ஒரு ஜோடி மாறலையே. அடுத்த வாரத்துலேர்ந்து ஞாயித்துக்கிழமையும் ஒரு பார்ட்டி வருது. நாலு பேர். எல்லாம் விலை உயர்ந்த ஷூ. நம்பிக்கையா ஒரு ஆள் இல்லாம நானும் பால்ராஜும் தவிச்சுக்கிட்டிருக்கோம்."

கதை சொல்ல அவர்கள், செருப்புக்கு நானா என்று ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. ஞாயிற்றுக்கிழமை என் தூக்கம் என்ன ஆவது? முடியாது என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டேன்.

"பரவாயில்லைங்க. நீங்க நிம்மதியா தூங்குங்க. நானும் அவரும் போயிட்டு சாயங்காலமா வந்துடறோம்."

மல்லிகையைத் தலையில் வைத்துக்கொண்டே சொன்னாள். நானும் அவரும். அந்த வேனில் முன்பக்கம் இரண்டே இரண்டு சீட்தான்.

"காலைல எத்தனை மணிக்குக் கிளம்பணும்?" என்று கேட்டேன்.

"ஆறரைக்கு."

அடுத்த ஞாயிறு ஆறு மணிக்கே குளித்துத் தயாராக நின்றேன். சாக்பீஸ், சணல் கயிறு, நம்பர் சீட்டு எல்லாம் பையில். வாசலில் பால்ராஜின் ஹாரன் கேட்டது. முன் சீட்டில் நான்தான் உட்காருவேன் என்று முதலிலேயே சொல்லிவிட்டேன். அம்புஜம் சமையலறையிலிருந்து ஒரு புது எவர்சில்வர் டிபன் டப்பாவைக் கொண்டுவந்து என் கையில் கொடுத்தாள். பளபள என்று இருந்தது.

"நேத்துதான் சிக்பேட்டையில வாங்கினேன். இது உங்களுக்கே உங்களுக்குன்னு சொல்லி, உங்க பேரையே வெட்டச் சொன்னேன்."

இருபத்திரண்டு வருஷத்தில் முதல் தடவையாக என் பெயர். அவமானம், வயிற்றெரிச்சல், போன தூக்கம் எல்லாமே அந்த நிமிஷம் மறந்துபோயிற்று. வாசல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோய் மூடியைத் திருப்பிப் பார்த்தேன்.

அழகான எழுத்தில், அப்பாதுரை என்று வெட்டியிருந்தது.